கையெழுத்து இல்லாத பதினோரு மணி நேரம்

ஈசெல் டால்பர்ட் எங்கள் ஊரை விட்டுப் போனது 2016 மார்ச் எட்டாம் தேதி, செவ்வாய்க்கிழமை, காலை ஒன்பதே முக்காலுக்கு. அவருக்குத் தொண்ணூறு வயது. குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பில் அடிபட்டு மூன்று வாரம் ஆகியிருந்தது. டெட்ராய்ட்டிலிருந்து அவர் மகள் ஜூவல் வந்து வீட்டைப் பூட்டினாள். இரண்டு பெட்டி, ஒரு மேசை விசிறி, அரைச் சாக்கு சர்க்கரைவள்ளிக் கிழங்கு எல்லாவற்றையும் காரின் பின்பக்கம் அடைத்தாள். அப்பாவை முன் இருக்கையில் உட்காரவைத்து பெல்ட்டையும் மாட்டிவிட்டாள். அவர் ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்துக்குப் போட்டுக்கொண்டு போகும் தொப்பியை மடியில் வைத்திருந்தார்.

என் சித்தி வெர்னெட்டா குட்லோ கார் ஜன்னலோரம் நின்றாள். அவள் கையில் ஒரு காகிதமும் பேனாவும் இருந்தன. நான் அவளுக்கு இரண்டடி பின்னால், கழுத்தில் ஹெட்போன் தொங்க நின்றேன்.

"ஐயா, ஒரே ஒரு இடத்துல. கீழ இருக்கே, இந்தக் கோட்டு மேல."

அவர் காகிதத்தைப் பார்த்தார். பிறகு சித்தியின் முகத்தைப் பார்த்தார். கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். தெரியாத ஒருத்தியைப் பார்ப்பதுபோலப் பார்த்தார். ஜன்னல் பொத்தானை விரலால் அழுத்தினார். கண்ணாடி மெதுவாக ஏறியது. சித்தி கையை இழுத்துக்கொண்டாள், ஆனால் காகிதத்தின் ஓரம் கண்ணாடியில் மாட்டிக்கொண்டது. ஜூவல் அதைக் கவனிக்காமல் வண்டியை எடுத்துவிட்டாள். செம்மண் சாலையின் திருப்பம் வரைக்கும் அந்தக் காகிதம் காருக்கு வெளியே படபடத்துக்கொண்டே போனது. திருப்பத்தில் கண்ணாடி இறங்கியது. காகிதம் ஓடைக்குள் விழுந்தது.

நான் ஓடிப்போய் எடுத்துவந்தபோது சித்தி வாசல்படியில் உட்கார்ந்திருந்தாள்.

"டெஸ், சவுண்டு பதிவாச்சா?" என்றாள்.

"இல்ல சித்தி. நான் ஆன் பண்ணவே இல்ல."

"நல்லது."

*

சித்தியை இயக்குநர் என்று எங்கள் ஊரில் யாரும் சொன்னதில்லை. கேமரா வெர்ன் என்பார்கள். எங்கள் ஊரான மார்லோவில் கறுப்பர்களான எங்கள் ஆட்களின் தேவாலயங்கள் பதினான்கு. அவற்றின் ஆண்டுவிழா, ஞானஸ்நானம், கல்யாணம், சாவு எல்லாவற்றுக்கும் அவள்தான் கேமரா. மத்தியானத்தில் உயர்நிலைப் பள்ளியில் பிள்ளைகளுக்கு வீடியோ எடுக்கக் கற்றுக்கொடுத்தாள். "கல்யாண வீட்ல பேரம் பேசுவாங்க, சாவு வீட்ல அழுவாங்க. ரெண்டு வீட்லயும் கடைசியில கோழியும் கேக்கும் கட்டிக் கொடுத்து அனுப்பிடுவாங்க" என்பாள். ஆண்கள் மீன் பிடிக்கப் போகும்போது போடுகிற, இருபது பை வைத்த கையில்லாச் சட்டைதான் அவளுக்கு எப்போதும். ஒவ்வொரு பையிலும் ஒரு பேட்டரி, இல்லையென்றால் அவித்த வேர்க்கடலை.

என் அம்மா பர்மிங்ஹாமுக்குக் குடிபோவதற்கு முன் நடத்திய அழகு நிலையம்தான் சித்தியின் எடிட்டிங் அறை. முடி உலர்த்தும் நாற்காலிகள் மூன்றும் அப்படியே இருந்தன. தலைமேல் கவிழ்ந்து சூடான காற்று விடும் கூடைகளுக்கு அடியில், பெண்கள் உட்கார வேண்டிய இடத்தில், வருடம் எழுதிய பெட்டிகளில் டேப்புகள் உட்கார்ந்திருக்கும்.

அந்த டேப்புகளெல்லாம் ஒரே படத்துக்காக எடுத்தவை. 1997இல், அவளுக்கு முப்பத்தேழு வயது இருக்கும்போது, ஏரிக்கரையில் ஒரு ஞானஸ்நானத்தைப் படம் பிடிக்கப் போனாள். வெள்ளை அங்கி போட்டு வரிசையாக நின்றவர்களில் மிஸ் பார்த்தீனியா என்ற வயதான பெண் மட்டும் தண்ணீரில் இறங்க மறுத்தாள். பாஸ்டர் கையைப் பிடித்து இழுத்துப் பார்த்தார்.

"அந்தத் தண்ணில நான் கால் வெக்க மாட்டேன். எங்கம்மா அதுக்கு அடியில படுத்திருக்கா" என்றாள் அவள்.

பாஸ்டர் அவளுக்கு வெயில் தாக்கிவிட்டது என்றார். சித்தி கேமராவை அவள் பக்கம் திருப்பினாள். பிறகு திருப்பியபடியே இருந்துவிட்டாள், பத்தொன்பது வருடம்.

ஏரிக்கு அடியில் இருந்தது பெத்தேல் வளைவு. ஆறு வளையும் இடத்தில் முப்பத்தெட்டு வீடுகள், ஒரு தேவாலயம், ஒரு கல்லறைத் தோட்டம். எல்லாம் கறுப்பர்களின் நிலம், அடிமைத்தனம் முடிந்த பிறகு அவர்களே உழைத்து வாங்கியது. 1938இல் நிலத்தையெல்லாம் அவர்கள் தாங்களாகவே விற்றுவிட்டதாகப் பத்திரம் ஆனது. 1939இல் அணை கட்டி மதகுகளை மூடினார்கள், ஊர் முழுகியது. இன்று ஏரிக்கரை முழுக்க வெள்ளைக்காரர்களின் விடுமுறை வீடுகள். படகுத்துறை ப்ரூயிட் குடும்பத்துக்குச் சொந்தம். சித்தியின் அப்பா, என் தாத்தா, முப்பது வருடம் அந்த வீடுகளின் புல்லை வெட்டியவர். அவரிடம் போய் அவள் கேட்டாள்.

"உங்களுக்கு இது தெரியுமாப்பா?"

"தெரியும்."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"சொன்னா என்ன, தண்ணி வத்திடுமா?"

அவள் புருஷன் நல்லவன். எட்டு வருடம் பொறுத்திருந்தான். "வேற ஆம்பளைன்னா சண்டை போடலாம், ஏரியோட நான் என்னத்தப் போட்டி போடறது" என்று சொல்லிவிட்டு மொபீல் நகரத்துக்குப் போய்விட்டான். கிறிஸ்துமஸுக்கு இன்னமும் வாழ்த்து அட்டை அனுப்புகிறான்.

*

எங்கள் பக்கத்தில் காகிதத்தோடு வாசலில் வந்து நிற்பவன் நல்லதுக்கு வருவதில்லை. ஒன்று ஷெரீஃப் ஆபீஸ், இல்லாவிட்டால் வரி ஆபீஸ், இல்லாவிட்டால் இன்ஷூரன்ஸ். ஜன்னல் வழியாகக் காகிதத்தைப் பார்த்தால் உள்ளே டிவியை அணைத்துவிட்டு வீட்டில் யாரும் இல்லாததுபோல இருப்பார்கள். வெளியூரிலிருந்து படம் எடுக்க வருபவர்களுக்கு இது புரியாது. பேசுவதைப் படத்தில் காட்டச் சம்மதம் என்று ஒரு படிவத்தில் கையெழுத்து வாங்க வேண்டும், அது தொழில் வழக்கம். அவர்கள் வாசலிலேயே அதை நீட்டுவார்கள். பதிலுக்கு "என்ன சொல்றது, அதெல்லாம் ரொம்ப நாள் ஆச்சு" என்ற ஒரு வாக்கியம் கிடைக்கும். அதை எடுத்துக்கொண்டு ஊருக்குத் திரும்புவார்கள்.

சித்தி அவர்களைப் பார்த்துச் சிரிப்பாள். அவளுடைய முறை வேறு. முதலில் அவளே சுட்ட வெண்ணெய்க் கேக். பிறகு கேமரா. பேசி முடித்து, சேர்ந்து சாப்பிட்டு, தட்டுகளைக் கழுவி, மேசையைத் துடைத்த பிறகுதான் உள்பையிலிருந்து காகிதம் வெளியே வரும். அதுதான் மரியாதை. அப்படித்தான் நாற்பது பேர் அவளிடம் பேசினார்கள். நாற்பது பேரும் கையெழுத்துப் போட்டார்கள்.

ஆனால் அந்த நாற்பது பேரில் யாரும் பத்திரம் எழுதிய நாளை நேரில் பார்த்தவர்களில்லை. ஒருவர் மாமா சொல்லிக் கேட்டது, இன்னொருவர் அத்தை சொல்லிக் கேட்டது. நேரில் பார்த்து உயிரோடு இருந்தவர் ஒரே ஒருவர். மரம் அறுக்கும் மில்லில் நாற்பது வருடம் வேலை பார்த்த ஈசெல் டால்பர்ட். பதினெட்டு வருடம் "அப்புறம் பாக்கலாம்" என்று சொல்லிவந்தவர், மனைவி இறந்த பிறகு, 2015 செப்டம்பரில், "கேக்கைக் கொண்டா, பேசறேன்" என்று சொல்லி அனுப்பினார்.

நான் ஊர் திரும்பியது அந்த மாதம்தான். சொகுசுக் கப்பல்களில் மேடை நிகழ்ச்சிகளுக்கு ஒலி பார்க்கும் வேலையில் ஆறு வருடம் சுற்றிவிட்டு, அடுத்து எங்கே போவதென்று தெரியாமல் வந்திருந்தேன். சித்தி என் கையில் மைக்கைக் கொடுத்துவிட்டாள்.

"யாரு கண்ணு இது, தூண்டிலைத் தூக்கிட்டு நிக்கறது?" என்று கேட்டார் ஈசெல் ஐயா, என் மைக் கம்பைப் பார்த்து.

"என் அக்கா மக ஐயா. ஆறு வருஷமா கப்பல்லயே உலகத்தைச் சுத்திட்டு வந்திருக்கா."

"கப்பல்லயா? நம்ம ஆளுங்களைக் கட்டி ஏத்திக் கொண்டாந்தாங்க. இவ காசு கொடுத்து ஏறிட்டுப் போறாளா?"

"காசு வாங்கிட்டுத்தான் போனேன் ஐயா. வேலை."

அவர் யோசித்தார். "அப்பப் பரவால்ல. முன்னேறியிருக்கோம்."

ஐந்து முறை போனோம். மீன், நாய்கள், மில், மில்லில் போன இரண்டு விரல்கள், தேவாலயத்தில் அவரைவிட மோசமாகப் பாடுகிற டீக்கன் என்று எல்லாம் பேசினார். பெத்தேல் வளைவில் எந்த வீட்டுக்கு அடுத்து எந்த வீடு என்று மேசைமேல் வேர்க்கடலைத் தோல்களை வைத்துக் காட்டினார். பத்திரத்தைப் பற்றிப் பேசவில்லை. சித்தி கேட்கவும் இல்லை. ஒவ்வொரு முறையும் கிளம்பும்போது, காகிதத்தை அடுத்த தடவை எடுக்கலாம் என்று அவள் விட்டுவிட்டாள். எல்லாவற்றையும் சொல்லி முடிக்கட்டும், பிறகு ஒரே கையெழுத்தாக வாங்கிக்கொள்ளலாம் என்பது கணக்கு.

ஆறாவது முறை, டிசம்பரில், அவராகவே ஆரம்பித்தார். கேக் மேசையில் இருந்தது. இன்னும் வெட்டவில்லை.

"அன்னிக்கு சனிக்கிழமை. மத்தியானம். ப்ரூயிட் கார்ல வந்தான். இப்ப இருக்கற பசங்களோட தாத்தா. எங்கப்பா தொப்பியைக் கழட்டிட்டு வாசல்ல போய் நின்னாரு. அவன், 'ஏமஸ், உன் வீட்டு வாசனை ரோடு வரைக்கும் இழுக்குது, ஒரு தட்டு கிடைக்குமா'ன்னான்."

சித்தி அசையாமல் கேமராவுக்குப் பின்னால் நின்றாள்.

"வெள்ளைக்காரன் எங்க மேசையில உக்காந்து அதுக்கு முன்னால நான் பாத்ததில்ல. அப்புறமும் பாத்ததில்ல. எனக்குப் பன்னெண்டு வயசு. கதவுகிட்ட நின்னு பாத்துட்டே இருந்தேன். எங்கம்மா கோழி வெச்சா, கீரை வெச்சா, பீச் பழம் போட்டு சுட்டது வெச்சா. ரெண்டாம் தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டான். எங்கம்மாவை மிசஸ் டால்பர்ட்னு கூப்பிட்டான், எங்க பொம்பளைங்களை எந்த வெள்ளைக்காரனும் அப்படி மரியாதையாக் கூப்பிட்டதில்ல. அப்ப எங்கப்பா முகத்தைப் பாக்கணுமே! தேவாலயத்துல கூட அவரு முகம் அப்படி இருந்ததில்ல."

"அப்புறம்?" என்றாள் சித்தி.

"சாப்பிட்டான். தட்டைக் கழுவ எடுத்துட்டுப் போனா அம்மா. அவன் துணியைக் கேட்டு வாங்கி அவன் முன்னால அவனே துடைச்சான். எங்க மேசையை. துடைச்சிட்டு, கோட்டு உள்பாக்கெட்லேர்ந்து காகிதத்தை எடுத்தான்."

ஹெட்போனில் எனக்குச் சித்தியின் மூச்சும் கேட்கும். அது நின்றது.

"ரோடு போடறதுக்கு சம்மதம்னு சொன்னான். அப்பாவுக்கு நல்லாப் படிக்கத் தெரியும். முப்பத்தெட்டு வீட்ல எழுதப் படிக்கத் தெரிஞ்சவங்க நாலே பேர், அவரு ஒருத்தர். ஆனா படிக்கல. உன் வீட்ல சாப்பிட்ட மனுஷன் முன்னால காகிதத்தை எப்படிப் படிச்சுப் பாப்ப? சந்தேகப்படற மாதிரி ஆயிடாதா? முழுப் பேரையும் போட்டாரு. ஏமஸ் லீராய் டால்பர்ட். அழகா இருக்கும் அவரு எழுத்து. பேனாவைத் துடைச்சுக் கொடுத்தாரு. ஏமஸ் போட்டுட்டாருன்னு காட்டியே மத்த மூணு பேர்கிட்ட வாங்கினான். எழுதத் தெரியாதவங்களுக்கு அவனே பெருக்கல் குறி போட்டுக்கிட்டான்."

குளிர்பதனப்பெட்டியின் ஓசை மட்டும் என் காதில்.

"அப்பா அப்புறம் பேனாவைத் தொடல. நானும் தொட்டதில்ல. கல்யாணத்துக்கு மட்டும் போட்டேன், அதுவும் பாஸ்டர் மூணு தடவை படிச்சுக் காட்டின பிறகு. வீடு என் பொண்டாட்டி பேர்ல. பேங்க் அவ பேர்ல. மில்லுல என் சம்பளத்தை வாங்க அவதான் வருவா. பொண்டாட்டிதாசன்னு சிரிப்பானுங்க. சிரிச்சுட்டுப் போறானுங்க." பிறகு கேமராவை நேராகப் பார்த்தார். "இதை எல்லாரும் கேக்கணும், கண்ணு. ப்ரூயிட் பேரோட கேக்கணும். நீ போட்டுக் காட்டு." கொஞ்சம் பொறுத்து, "கேக்கை எதுக்கு இன்னும் வெட்டாம வெச்சிருக்க?" என்றார்.

சித்தி வெட்டினாள். சாப்பிட்டோம். மேசையைத் துடைக்க அவள் துணியை எடுத்து, அதைப் பார்த்துவிட்டு, திரும்ப வைத்துவிட்டாள். கேக் துகள்களை அப்படியே விட்டுவிட்டுக் கிளம்பினோம். அவள் உள்பையில் காகிதம் மடித்தபடியே இருந்தது.

வண்டியில் ஏறியதும் சாவியைப் போடாமல் உட்கார்ந்திருந்தாள்.

"நாப்பது வீட்ல நான் இதைத்தானே பண்ணியிருக்கேன், டெஸ். சாப்பிட்டு, துடைச்சு, எடுத்து."

"நீங்க ஒண்ணும் திருடல சித்தி."

"சாப்பிடும்போது ப்ரூயிட்டும் திருடல."

*

அதற்குப் பிறகு ஐந்து முறை போனோம். மொத்தப் பதிவு பதினோரு மணி நேரம் ஆனது. நான் ஒவ்வொரு முறையும் நச்சரித்தேன்.

"கேக் வேணாம். உள்ள நுழையும்போதே கேட்டுடுங்க."

"வாசல்ல கேட்டா நான் ஷெரீஃப். மேசையில கேட்டா ப்ரூயிட். எங்க நின்னுடி கேக்கறது?"

"அவரே காட்டுன்னு சொல்லிட்டாரே. கேமராவுலயே சொல்லியிருக்காரே."

"அது போதும்னுதான் நானும் நெனைக்கிறேன்" என்றாள். அவள் அப்படி நினைக்கவில்லை என்பது அவள் குரலிலேயே தெரிந்தது.

பிப்ரவரி நடுவில் அவர் விழுந்தார். ஜூவல் வந்தாள். அவர் ஊரை விட்டுப் போகிறார் என்று மார்ச் எட்டாம் தேதி காலையில்தான் சித்திக்குத் தெரிந்தது. வாசலும் இல்லாமல் மேசையும் இல்லாமல் நிற்க அவளுக்குக் கிடைத்த இடம் கார் ஜன்னல்.

*

படத்தை வாங்க ஒப்புக்கொண்டிருந்த தொலைக்காட்சியின் வழக்கறிஞர் ஓர் இளம்பெண். மிக மரியாதையாகப் பேசுவாள். ஸ்பீக்கரில் போட்டு நானும் கேட்பேன்.

"நாங்க உங்க பக்கம்தான் மேடம். மத்தவங்களா இருந்தா கேமராவுல சொன்னதே போதும். இவர் ஒரு குடும்பத்தைப் பேர் சொல்லிக் குற்றம் சாட்டறாரு. அவங்க இன்னும் அதே ஊர்ல தொழில் பண்றாங்க. காகிதம் இல்லாம எங்களால முடியாது."

"பத்திரம் இருக்கு. கோர்ட்ல நகல் எடுத்து வெச்சிருக்கேன்."

"பத்திரத்துல கையெழுத்து சரியா இருக்கே மேடம். அதுதானே பிரச்சினை? ப்ரூயிட்ங்கற பேரை மட்டும் எடுத்துட்டா என்ன?"

"எடுத்துட்டா ஏதோ மழை பெஞ்சு ஊரு முழுகின மாதிரி ஆயிடும், பேபி" என்றாள் சித்தி.

டெட்ராய்ட்டுக்கு மாதம் ஒரு முறை தொலைபேசியில் பேசினாள். முதல் சில முறை ஜூவல் நன்றாகத்தான் பேசினாள். பிறகு, "அப்பா உங்க பேரைச் சொன்னாலே சுவர் பக்கம் திரும்பிப் படுத்துக்கறாரு, மிஸ் வெர்ன். வேணாம்னா வேணாம்னு விட்டுடுங்க" என்றாள். சித்தி விட்டுவிட்டாள். கையால் எழுதிய ஒரு கடிதம் மட்டும் அனுப்பினாள், காகிதம் எதுவும் இணைக்காமல். மன்னிப்புக் கேட்டிருப்பாள் என்று நினைக்கிறேன். பதில் வரவில்லை.

2017 நவம்பரில் ஈசெல் ஐயா இறந்தார். உடலை ஊருக்குக் கொண்டுவந்தார்கள். சித்திதான் சாவுக்கு வீடியோ எடுத்தாள். வேறு யாரை அழைப்பார்கள்? அச்சடித்த இரங்கல் தாளில் அவர் வாழ்க்கை நான்கு வரி: பிறந்தார், மில்லில் வேலை பார்த்தார், ஆண்டவரை ஏற்றுக்கொண்டார், மீன் பிடிப்பதை விரும்பினார். அடக்கம் முடிந்து தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் சாப்பாடு நடந்துகொண்டிருந்தபோது ஜூவல் தட்டோடு வந்து சித்தியின் எதிரில் உட்கார்ந்தாள்.

"உங்ககிட்ட என்னதான் சொன்னாரு?"

"வந்து கேளும்மா."

இரண்டு நாள், முடி உலர்த்தும் நாற்காலி ஒன்றைக் காலி செய்து, அதில் உட்கார்ந்து பதினோரு மணி நேரத்தையும் கேட்டாள். நாய்கள் பற்றி வந்தபோது சிரித்தாள். ஏமஸ் பேனாவைத் துடைத்துக் கொடுத்த இடத்தில் எழுந்து வெளியே போய்விட்டு அரை மணி கழித்து வந்தாள். இரண்டாம் நாள் சாயங்காலம் ஹெட்போனைக் கழற்றிவிட்டு, "அறுபத்திரண்டு வருஷம் எனக்கு அப்பாவா இருந்தாரு. இதுல ஒரு வார்த்தைகூட எனக்குச் சொல்லல" என்றாள். "எங்க அந்தக் காகிதம்?"

இப்போது அவருடைய குரல் பிள்ளைகளுக்குச் சேர்ந்தது என்று வழக்கறிஞர் சொன்னாள். உயில் எழுதவில்லை. எழுதியிருந்தால்தான் ஆச்சரியம். ஆகவே பிள்ளைகள் எல்லோரும் போட வேண்டும். எங்கள் பக்கத்தில் நிலமும் இப்படித்தான் உயிலில்லாமல் வாரிசுகள் எல்லோருக்கும் பொதுவாகப் போய்ச் சேரும், ஒருவர் கிடைக்கவில்லை என்றால் எதுவும் நகராது. ஜூவல் போட்டாள். அட்லாண்டா, ஹூஸ்டன், மொபீல் என்று இருந்த மூன்று தம்பிகளும் போட்டு அனுப்பினார்கள். ஒருவன் தபால் உறைக்குள் ஒரு புகைப்படமும் வைத்திருந்தான், அப்பாவும் அவனும் பெரிய மீன் ஒன்றோடு. 2018 மார்ச்சில் நான்கு காகிதமும் மேசைமேல் இருந்தன. சித்தி அன்று முழுக் கோழி வாங்கிப் பொரித்தாள்.

"இவங்க நாலு பேர் மட்டும்தான்னு எழுதி உறுதி தரணும் மேடம், அவ்வளவுதான்" என்றாள் வழக்கறிஞர்.

அதைக் கேட்க ஜூவலுக்கு அழைத்தோம்.

"மிஸ் வெர்ன், ஒருத்தி இருக்கா."

"யாரு?"

"அம்மாவுக்கு முன்னால. வடக்குல, கேரி ஊர் உருக்கு ஆலையில மூணு வருஷம் வேலை பாத்தாராம். அங்க அவருக்கு ஒரு பொண்ணு பொறந்தா. கைக்குழந்தையா இருக்கும்போதே விட்டுட்டு வந்துட்டாரு. பேரு எர்னெஸ்டின். எங்கம்மா சாகற வரைக்கும் அந்தப் பேரை எங்க வீட்ல யாரும் எடுத்ததில்ல."

"நீ பாத்திருக்கியா?"

"ஒரே ஒரு தடவை. என் கல்யாணத்துல பின்வரிசையில வந்து உக்காந்திருந்தா. சாப்பாட்டுக்கு முன்னாலயே போயிட்டா."

அன்று ராத்திரி சித்தி தூங்கப் போன பிறகும், மறுநாளும் நான் ஹெட்போனை மாட்டிக்கொண்டு பதினோரு மணி நேரத்தையும் மறுபடி கேட்டேன். ஜூவல் பேர் முப்பது தடவை வந்தது. தம்பிகள் வந்தார்கள். ஏழு நாய்களின் பேரும் வந்தன. "பிள்ளைங்க எத்தனை ஐயா?" என்று மூன்றாம் முறை போனபோது சித்தியே கேட்டிருக்கிறாள். "நாலு" என்கிறார் அவர், இருமாமல், நிறுத்தாமல். கேரி என்ற ஊரின் பேரே வரவில்லை. "வடக்குல கொஞ்ச நாள் இருந்தேன், குளிரு ஒத்துக்கல" என்று ஒரே ஒரு வாக்கியம்.

"அவங்க இருக்கறதை நாம சொல்லாம விட்டா?" என்று கேட்டேன். கேட்டது நான்தான், மறைக்க விரும்பவில்லை.

சித்தி கோபப்படவில்லை. "நாலு பேர் போட்டது போதும்னுதானே ப்ரூயிட் மத்தவங்களுக்கும் சேத்துப் போட்டுக்கிட்டான்" என்றாள்.

*

எர்னெஸ்டினின் முகவரி கிடைத்தது. மூன்று கடிதம் எழுதினாள் சித்தி. ஒவ்வொன்றிலும் யார், என்ன படம், எதற்குக் கையெழுத்து, வேண்டாமென்றால் வேண்டாம் என்பதெல்லாம் தெளிவாக இருந்தது. அவர் பதினோரு மணி நேரம் பேசியிருக்கிறார் என்பதும் இருந்தது. கேரிக்கே ஒரு முறை வண்டி ஓட்டிக்கொண்டு போனோம், பத்து மணி நேரம். வீட்டுத் திரை அசைந்தது. கதவு திறக்கவில்லை. சித்தி கொண்டுபோன கேக்கைப் படியில் வைக்கலாமா கூடாதா என்று ரொம்ப நேரம் யோசித்தாள். வைக்கவில்லை. திரும்பும் வழியில் பெட்ரோல் பங்கில் இருந்த ஒருவருக்குக் கொடுத்தாள். பிறகு எர்னெஸ்டினின் தொலைபேசி எண் கிடைத்து, ஒரு குறுஞ்செய்தி அனுப்பினாள். பார்த்ததற்கான அடையாளம் வந்தது. பதில் வரவில்லை.

2018 டிசம்பரில் தொலைக்காட்சியின் காலக்கெடு முடிந்தது. அந்த இளம் வழக்கறிஞர் தானே அழைத்துச் சொன்னாள், அழுகிற குரலில். சித்திதான் அவளைத் தேற்றினாள்.

அடுத்த கோடையில் ஏரிக்கு எண்பது வயது என்று மார்லோவில் விழா எடுத்தார்கள். படகு ஊர்வலம், வாணவேடிக்கை, கரையில் பன்றி இறைச்சிச் சுடுதல். வீடியோவுக்குச் சித்தியைத்தான் கூப்பிட்டார்கள். ஊரில் வேறு நல்ல கேமரா இல்லை. நான் போக வேண்டாம் என்றேன். போனாள். ப்ரூயிட் பேரன் அறுபது வயது ஆள், சிரித்த முகம், தன் பேத்தியைத் தூக்கிக்கொண்டு வந்து, "மிஸ் வெர்ன், எங்களை ஒண்ணு எடுங்க" என்றான். எடுத்தாள். வெளிச்சம் சரியில்லை என்று அவர்களை இரண்டடி நகரச் சொல்லி மறுபடி எடுத்தாள். அவன் அவளுக்கு ஒரு தட்டு கொண்டுவந்து கொடுத்தான். கையில் வாங்கிக்கொண்டு நின்றுகொண்டே இருந்தாள். என்ன செய்தாள் அதை என்று நான் பார்க்கவில்லை.

படத்தைப் பற்றிப் பேசுவது குறைந்தது. நாற்பது பேரில் முப்பத்தொரு பேர் அதற்குள் இறந்துவிட்டிருந்தார்கள். பெரும்பாலும் அவளே அவர்களின் சாவுக்கு வீடியோ எடுத்தாள். டேப்புகளிலிருந்து அவர்கள் சிரிக்கும் இடமாகப் பார்த்து மூன்று நிமிடம் வெட்டிக் குடும்பத்துக்குக் கொடுப்பாள். பழைய டேப்புகளில் சில ஒட்டிக்கொள்ள ஆரம்பித்தன. நான் அவற்றைக் கணினியில் ஏற்றும் வேலையைச் செய்தேன். கப்பலுக்குத் திரும்ப வரச் சொல்லி இரண்டு முறை அழைப்பு வந்தது. அடுத்த மாதம், அடுத்த மாதம் என்று தள்ளிப்போட்டேன்.

2020 பிப்ரவரியில் ஒரு வியாழக்கிழமை மத்தியானம். ஒரு கல்யாண வீடியோவை வெட்டிக்கொண்டிருந்தோம். மாப்பிள்ளையின் மாமா ஆடியதை நீக்குவதா வைப்பதா என்று எங்களுக்குள் வாக்குவாதம். சித்தியின் தொலைபேசி உலர்த்தும் நாற்காலியின் கைப்பிடியில் இருந்தது. அது அதிர்ந்தது. அவள் கண்ணாடியைத் தேடினாள், கிடைக்கவில்லை, என்னிடம் நீட்டினாள். எண்ணின் முன்னால் கேரி ஊரின் குறியீடு. நான் முதலில் மனதுக்குள் படித்தேன்.

"யாரு, அந்த மாமாவா?" என்றாள்.

உரக்கப் படித்தேன்.

"மிஸ் குட்லோ, நான் எர்னெஸ்டின். உங்க கடுதாசி மூணும் வெச்சிருக்கேன். எனக்கு எழுபது வயசாச்சு, டாக்டர் நல்ல செய்தி எதுவும் சொல்லல, அதனால எழுதறேன். உங்க ஏரியைப் பத்தி எனக்குத் தெரியாது. அவரு பதினோரு மணி நேரம் பேசினாருன்னு எழுதியிருந்தீங்க. அதுல என் பேரு எங்கயாவது வருதா? வந்தா அந்த இடத்தை மட்டும் எனக்கு அனுப்புங்க. கையெழுத்துப் போட்டுடறேன்."